சாவி கையில் இருந்தும் பூட்டு திறக்கவில்லையா?



தராசு, படிக்கல், சாக்கு ஊசி, பேரேடு என்று இருந்த நமது தொழிலில் இன்று கம்ப்யூட்டரும் ஒரு தட்டுமுட்டுச் சாமானாகிவிட்டது. தராசில் கோளாறு என்றால் நாமே கண்டுபிடித்துவிடுகிறோம். கம்ப்யூட்டரில் கோளாறு என்றால் மட்டும், வந்தவர் சொன்னதே வேதம் என்று பணத்தை எண்ணி வைத்துவிடுகிறோம். அப்படிப் பணத்தையும் இழந்து, கடையில் வேலை பார்க்கும் ஒரு பெண்ணின் மனத்தையும் நோகச் செய்ய இருந்த ஒரு சங்கதியை உறுப்பினர்களுக்குப் பயன்படும் என்று கருதி எழுதுகிறோம். நமது படிப்பு பள்ளி இறுதி வகுப்போடு சரி. ஆகவே நமக்குப் புரிந்த பாஷையிலேயே சொல்கிறோம்.

நடந்தது என்ன?

2025-ஆம் ஆண்டு தீபாவளி அக்டோபர் 20-ஆம் தேதி வந்தது. அதற்கு முந்திய வாரம் விருதுநகரில் எமது எண்ணெய், வற்றல் மண்டியில் தலை நிமிர நேரமில்லை. விண்டோஸ் 10-க்கு வழக்கமான ஆதரவு அந்த அக்டோபர் 14-ஆம் தேதியோடு முடிகிறது என்று சொன்னதால், பத்து வருடம் உழைத்த பழைய பெட்டியை எடுத்துவிட்டு விண்டோஸ் 11 உள்ள புதுப் பெட்டியை வாங்கினோம். பண்டிகை நெருக்கத்தில் மாற்றியிருக்கக் கூடாது. அது நமது முதல் தவறு.

மதியம் வரை பழைய பெட்டியில் பில் போட்டோம். அதன்பின் மெக்கானிக் வந்து கணக்குகளை எல்லாம் புதுப் பெட்டிக்கு ஏற்றினார். எமது பில் போடும் சாப்ட்வேர் காசு கொடுத்து வாங்கிய அசல் சாப்ட்வேர். அதற்கு ஒரு ‘லாக்’ உண்டு. டாங்கிள் என்றும் சொல்வார்கள். கட்டை விரல் நீளத்தில் யுஎஸ்பி துவாரத்தில் செருகும் சாமான். அதைச் செருகினால்தான் சாப்ட்வேர் திறக்கும். புதுப் பெட்டியில் செருகியதும் ‘சாவி காணப்படவில்லை’ என்று திரையில் எழுத்து வந்தது. எடுத்து எடுத்துச் செருகிப் பார்த்தும் அதே எழுத்து.

“லாக் போயிருச்சு அண்ணாச்சி. மாத்தும்போது யாரோ கீழ போட்டிருக்காங்க. புதுசுதான் வாங்கணும். இருபதாயிரத்துக்கு மேல ஆகும்” என்று மெக்கானிக் சொல்லிவிட்டுப் போய்விட்டார்.

வாசலில் நாகர்கோவில் லாரி நிற்கிறது. எண்ணெய் டின்களும் வற்றல் மூட்டைகளும் ஏற்றியாகிவிட்டது. கையெழுத்தில் பில் எழுதி அனுப்பிவிடலாம் என்றால் அதுவும் முடியாது. ஆண்டு விற்பனை 5 கோடிக்கு மேற்பட்டவர்கள், வியாபாரிக்கு வியாபாரி விற்கும் சரக்குக்கு இ-இன்வாய்ஸ் போட வேண்டும் என்பது 2023 ஆகஸ்ட் 1 முதல் நடைமுறை. தமிழ்நாட்டுக்குள்ளேயே போனாலும் சரக்கு 1 லட்ச ரூபாய்க்கு மேல் என்றால் இ-வே பில்லும் வேண்டும். வண்டியை வழியில் நிறுத்தினால் சரக்கும் நிற்கும், தண்டமும் கட்ட வேண்டும்.

ஆத்திரத்தில் பில் போடும் பெண்ணைக் கூப்பிட்டு, “பெட்டியை மாத்தும்போது நீதானே லாக்கை எடுத்து வச்ச? கீழ போட்டுட்டுச் சொல்லாம இருக்கியா? இதுக்குப் பணம் உன் சம்பளத்துலதான் பிடிக்கணும்” என்று பலர் முன்னிலையில் பேசிவிட்டோம். அது நமது இரண்டாவது தவறு.

அந்தப் பெண் அழவில்லை. எதிர்த்துப் பேசவும் இல்லை. “நான் கீழ போடலை முதலாளி. பழைய பெட்டி பரண்லதான இருக்கு, அதுல ஒரு தடவை செருகிப் பாத்திரலாமா?” என்று மட்டும் கேட்டது.

பரணிலிருந்து பழைய பெட்டியை இறக்கி, வயர்களை மாட்டி லாக்கைச் செருகினோம். அதன் முனையில் உள்ள சிறு விளக்கு சிவப்பாக எரிந்தது. சாப்ட்வேர் திறந்தது. மதியம் வரையிலான கணக்கு அதிலேயே இருந்ததால், விட்ட எண்ணிலிருந்து தொடர்ந்து பில் போட்டோம். இரவு ஒன்பதரை மணிக்கு லாரி புறப்பட்டது.

ஆக, லாக்கில் பழுதில்லை. புதுப் பெட்டியில் அதை அடையாளம் காட்டும் டிரைவரில்தான் கோளாறு. “டிரைவர்லதான் தப்பு முதலாளி” என்று அந்தப் பெண் சொன்னபோது, “நாகர்கோவில் லாரிக்காரன் பாவம், அவன் என்ன செஞ்சான்?” என்று கேட்டுவிட்டோம். கடையே சிரித்தது. அந்த டிரைவர் வேறு, இந்த டிரைவர் வேறு என்று அன்றுதான் தெரிந்துகொண்டோம்.

லாக் என்பது என்ன?

சாப்ட்வேரை ஒருவர் வாங்கி ஒன்பது பேர் நகல் எடுத்துக்கொண்டால் தயாரித்தவர் பிழைக்க முடியாது. அதற்காக 1980-களிலேயே இந்தச் சாவி முறை வந்துவிட்டது. அந்தக் காலத்தில் பிரிண்டர் மாட்டும் 25 ஊசித் துவாரத்தில் லாக்கை மாட்டி, அதன் முதுகில் பிரிண்டர் வயரை மாட்டுவார்கள். இப்போது யுஎஸ்பியில் செருகும் வகையே எங்கும் உள்ளது.

லாக்கின் உள்ளே ஒரு சில்லும் அதில் ஒரு ரகசிய எண்ணும் உண்டு. சாப்ட்வேர் திறக்கும்போதும், இடையிடையேயும், லாக்கிடம் ஒரு கேள்வி கேட்கும். லாக் தன் ரகசிய எண்ணை வைத்துக் கணக்குப் போட்டுப் பதில் சொல்லும். பதில் சரியென்றால்தான் பில் போட விடும்.

இந்தக் கேள்வியும் பதிலும் நேருக்கு நேர் நடப்பதில்லை. மாட்டுச் சந்தையில் தரகர் துண்டுக்குள் விரலைப் பிடித்து விலை பேசுவதைப் பார்த்திருப்பீர்கள். விற்பவருக்கும் வாங்குபவருக்கும் நடுவில் தரகர். இங்கே அந்தத் தரகர் வேலையைச் செய்வதுதான் டிரைவர் என்ற சிறு புரோகிராம். தரகர் வரவில்லை என்றால் மாடும் நிற்கும், பணம் கொண்டு வந்தவரும் நிற்பார், வியாபாரம் மட்டும் நடக்காது. அதைப் பார்த்து மாடு செத்துவிட்டது என்று யாரும் சொல்வதில்லை. லாக் விஷயத்தில் மட்டும் அப்படித்தான் சொல்லிவிடுகிறார்கள்.

பல லாக்குகளில் டிரைவரோடு இன்னொரு வேலையாளும் உண்டு. அதற்கு சர்வீஸ் என்று பெயர். திரையில் தெரியாமல் பின்னால் ஓடிக்கொண்டே இருந்து, எந்த லாக் செருகியிருக்கிறது, அதில் என்னென்ன உரிமம் இருக்கிறது என்று பார்த்துக்கொள்ளும். டிரைவரும் சர்வீசும் சேர்ந்த மூட்டைக்கு ‘ரன்-டைம்’ என்று பெயர்.

பெயர்க் குழப்பத்தையும் இங்கே சொல்லிவிட வேண்டும். மிகப் பரவலாக உள்ள லாக் ‘ஹாஸ்ப்’ வகை. இதைத் தயாரித்தது இஸ்ரேல் நாட்டின் அலாதீன் கம்பெனி. அது பின்னர் சேஃப்நெட் கைக்குப் போயிற்று. 2015-இல் ஜெமால்டோ, 2019-இல் பிரான்சின் தேலஸ் என்று கை மாறியது. இப்போது ‘சென்டினல்’ என்ற பெயரில் விற்கப்படுகிறது. ஆகவே லாக்கின் மேல் ஹாஸ்ப் என்று இருக்கும், திரையில் சென்டினல் என்று வரும், இணையத்தில் தேலஸ் என்று இருக்கும். எல்லாம் ஒரே வீட்டுச் சரக்குதான். ஜெர்மனியின் விபு கம்பெனி தயாரிக்கும் ‘கோடுமீட்டர்’ வேறு வகை. உங்கள் லாக் எந்த வகை என்பதை முதலில் எழுதி வைத்துக்கொள்ளுங்கள்.

டிரைவர் ஏன் கெடுகிறது?

நல்ல நிலையில் இருந்த டிரைவர் திடீரென்று வேலை செய்யாமல் போவதற்குப் பெரும்பாலும் கீழ்க்கண்டவையே காரணம்.

1. பெட்டியையோ விண்டோஸையோ மாற்றுவது. பழைய சிடியில் உள்ள டிரைவர் பழைய விண்டோஸுக்குச் செய்தது. 32 பிட் விண்டோஸுக்கான டிரைவர் 64 பிட் விண்டோஸில் வேலை செய்யாது. மேலும், 64 பிட் விண்டோஸ் முறையான டிஜிட்டல் கையொப்பம் இல்லாத டிரைவரை உள்ளே விடுவதில்லை.

2. விண்டோஸ் 11-இன் காவல். இதில் ‘மெமரி இன்டெக்ரிட்டி’ என்று ஒரு பாதுகாப்பு உண்டு. புதுப் பெட்டிகளில் இது பெரும்பாலும் வாங்கும்போதே போட்டிருக்கும். தன் விதிக்கு ஒத்துவராத பழைய டிரைவர்களை இது தடுத்துவிடும். எமது கடையில் நடந்தது இதுவே. மெக்கானிக் 2012-ஆம் வருடத்துச் சிடியிலிருந்த டிரைவரை ஏற்றியிருக்கிறார். விண்டோஸ் அதை வாசலிலேயே நிறுத்திவிட்டது.

3. வைரஸ் தடுப்பு சாப்ட்வேர். லாக்கின் புரோகிராமைச் சந்தேகப்பட்டுச் சிறைவைத்துவிடுவதுண்டு.

4. மின்சாரச் சிக்கனம். கொஞ்ச நேரம் வேலை இல்லையென்றால் யுஎஸ்பி துவாரத்துக்கு மின்சாரத்தை நிறுத்திவிடும் அமைப்பு விண்டோஸில் உண்டு. காலையில் நன்றாக இருந்த லாக், சாப்பாட்டு வேளை முடிந்து வந்து பார்த்தால் தெரியவில்லை என்றால் இதைச் சந்தேகிக்கலாம்.

5. ஒன்றுக்கு மேற்பட்ட டிரைவர்கள். இரண்டு மூன்று தடவை வேறு வேறு டிரைவரை ஏற்றி, பழையதை நீக்காமல் விட்டால், ஒரே மாட்டுக்கு மூன்று தரகர் வந்த கதைதான்.

எங்கே பார்ப்பது?

ஒன்றன்பின் ஒன்றாகப் பார்த்தால் கால் மணி நேரத்தில் கோளாறு எந்தப் பக்கம் என்று தெரிந்துவிடும்.

முதலில் விளக்கு. விளக்கு உள்ள லாக்குகள் பலவற்றில், டிரைவர் சரியாக ஏறிய பிறகே விளக்கு எரியும். எரியவில்லை என்றால் உடனே லாக் செத்துவிட்டது என்று முடிவு கட்டக் கூடாது. வேறு துவாரத்தில் செருகுங்கள். கிளை பிரிக்கும் ஹப்பில் செருகியிருந்தால் எடுத்துவிட்டு, பெட்டியின் பின்புறத் துவாரத்தில் நேராகச் செருகுங்கள். பழைய லாக்குகள் சில, நீல நிற நாக்கு உள்ள புது வகைத் துவாரத்தில் தகராறு செய்யும். கறுப்பு நாக்கு உள்ளதில் போட்டுப் பாருங்கள்.

அடுத்து, அதே லாக் ஏற்கெனவே வேலை செய்த பெட்டி அல்லது அதே சாப்ட்வேர் வைத்திருக்கும் பக்கத்துக் கடைக்காரர் பெட்டி. அங்கே விளக்கு எரிந்தால் லாக் நல்லது. அங்கேயும் எரியவில்லை என்றால்தான் லாக் பழுது என்ற பேச்சுக்கே இடம் உண்டு. புது லாக்குக்குப் பணம் கொடுக்கும் முன் இந்த ஒரு சோதனையைக் கட்டாயம் செய்யுங்கள்.

மூன்றாவது ‘டிவைஸ் மேனேஜர்’. கீழே உள்ள விண்டோஸ் பொத்தானின் மேல் மவுஸின் வலது பக்கத்தைத் தட்டினால் வரும் பட்டியலில் இது இருக்கும். பெட்டியோடு சேர்ந்த சாமான்கள் எல்லாம் இருப்புப் பட்டியல் போல அதில் வரும். லாக்கின் பெயருக்குப் பக்கத்தில் மஞ்சள் முக்கோணம் இருந்தால் டிரைவரில் கோளாறு. அதன் மேல் இரண்டு தடவை தட்டினால் ஒரு எண் தெரியும். 28 என்றால் டிரைவரே ஏறவில்லை. 39 என்றால் டிரைவர் சிதைந்திருக்கிறது அல்லது ஏற்ற முடியவில்லை. 52 என்றால் கையொப்பத்தைச் சரிபார்க்க முடியவில்லை. 10 என்றால் சாமானைத் துவக்க முடியவில்லை. 43 என்றால் அந்தச் சாமானே கோளாறு என்று சொல்லி விண்டோஸ் அதை நிறுத்தியிருக்கிறது. முதலில் துவாரத்தை மாற்றிப் பாருங்கள். லாக்கைச் செருகியும் பட்டியலில் எந்த மாற்றமும் இல்லை என்றால் துவாரத்தையோ லாக்கையோதான் பார்க்க வேண்டும்.

நான்காவது சோதனை சென்டினல் வகை லாக் வைத்திருப்பவர்களுக்கு. இணையம் பார்க்கும் புரோகிராமைத் திறந்து, முகவரி எழுதும் இடத்தில் ‘லோக்கல்ஹோஸ்ட்’ என்று ஆங்கிலத்தில் எழுதி, பக்கத்தில் முக்காற்புள்ளி வைத்து 1947 என்று போடுங்கள். நாடு விடுதலை பெற்ற ஆண்டே அந்த எண், ஆகவே மறக்காது. இதற்கு இணைய இணைப்பு தேவையில்லை. உங்கள் பெட்டிக்குள்ளிருந்தே ஒரு பக்கம் திறக்கும். இதிலிருந்து மூன்று முடிவுகள் கிடைக்கும். பக்கமே திறக்கவில்லை என்றால் சர்வீஸ் ஓடவில்லை, அல்லது ரன்-டைம் ஏறவில்லை. பக்கம் திறக்கிறது, ஆனால் சாவிகளின் பட்டியலில் உங்கள் லாக் இல்லை என்றால் டிரைவரில் அல்லது துவாரத்தில் கோளாறு. பட்டியலில் லாக் இருக்கிறது, ஆனாலும் சாப்ட்வேர் திறக்கவில்லை என்றால் டிரைவர் மேல் குற்றமில்லை. சாப்ட்வேர் கம்பெனியைத்தான் கேட்க வேண்டும்.

கோடுமீட்டர் வகைக்கு, திரையின் கீழ் வலது மூலையில் அதன் சிறு படம் இருக்கும். லாக் தெரிந்தால் அது பச்சையாக இருக்கும்.

ஐந்தாவது, சாப்ட்வேர் காட்டும் பிழை எண். எழுத்தைப் படிக்காமல் ‘ஏதோ எர்ரர் வருது’ என்று போனில் சொன்னால் எதிரில் இருப்பவர் என்ன செய்வார்? ‘ஏதோ மூட்டை குறையுது’ என்று நமக்கு ஒருவர் போன் செய்தால் நாம் என்ன செய்வோமோ அதுதான். எண்ணை அப்படியே எழுதிக்கொள்ளுங்கள். சென்டினல் வகையில் 7 என்றால் லாக் தென்படவில்லை. 33 என்றால் சாப்ட்வேரால் ரன்-டைமோடு பேச முடியவில்லை. இவ்விரண்டும் நாமே சரிபார்க்கக் கூடியவை. 31 என்றால் லாக் தெரிகிறது, ஆனால் கேட்ட உரிமம் அதில் இல்லை. 41 என்றால் உரிமத்தின் காலம் முடிந்துவிட்டது. 27 என்றால் வேறு இடத்திலிருந்து ரிமோட் முறையில் திறக்க முயல்வதை அது ஏற்கவில்லை. இம்மூன்றுக்கும் டிரைவரை எத்தனை தடவை மாற்றினாலும் பயனில்லை.

எப்படிச் சரி செய்வது?

டிரைவரில்தான் கோளாறு என்று தெரிந்துவிட்டால், வரிசை மாறாமல் செய்ய வேண்டும்.

1. அன்றைய கணக்கைத் தனியாக ஒரு நகல் எடுத்துக்கொண்டு சாப்ட்வேரை மூடுங்கள்.

2. லாக்கைக் கழற்றிவிடுங்கள். லாக் செருகியிருக்கும்போது டிரைவரை ஏற்றுவதும் நீக்குவதும் கூடாது.

3. பழைய ரன்-டைமை நீக்குங்கள். விண்டோஸின் ‘இன்ஸ்டால்டு ஆப்ஸ்’ பட்டியலில் ஹாஸ்ப், சென்டினல் என்ற பெயர்களில் இருக்கலாம். சில டிரைவர்களை அவற்றின் சொந்த நிறுவியைக் கொண்டே நீக்க வேண்டும். சாப்ட்வேர் கம்பெனியைக் கேட்டுச் செய்யுங்கள்.

4. பெட்டியை ‘ரீஸ்டார்ட்’ செய்யுங்கள். ‘ஷட் டவுன்’ கொடுத்து மறுபடி போடுவது இதற்குப் போதாது. விண்டோஸில் வேகமாகத் திறப்பதற்காக உள்ள ஒரு வசதியால், ஷட் டவுன் கொடுத்தாலும் டிரைவர் பகுதி முழுவதும் புதிதாகத் துவங்காது. ரீஸ்டார்ட்டில்தான் துவங்கும்.

5. புதிய ரன்-டைமை ஏற்றுங்கள். அதை முதலில் உங்கள் சாப்ட்வேர் கம்பெனியிடம் கேளுங்கள். இல்லையென்றால் லாக் தயாரிப்பாளரின் இணையப் பக்கத்தில் எடுங்கள். நிறுவும்போது ‘அட்மினிஸ்ட்ரேட்டர்’ உரிமையோடு ஓட்ட வேண்டும்.

6. மறுபடி ரீஸ்டார்ட் செய்து, அதன் பிறகு லாக்கைச் செருகுங்கள். அரை நிமிடம் பொறுங்கள். விளக்கு எரிவதைப் பார்த்துவிட்டுச் சாப்ட்வேரைத் திறங்கள்.

7. சர்வீஸ் ஓடவில்லை என்றால், ‘சர்வீசஸ்’ பட்டியலில் சென்டினல் என்று துவங்கும் பெயரைத் தேடி, ‘ஸ்டார்ட்’ கொடுத்து, தானாகத் துவங்கும்படி ‘ஆட்டோமேட்டிக்’ என்று மாற்றி வையுங்கள்.

மின்சாரச் சிக்கனம் காரணமாக இருந்தால், டிவைஸ் மேனேஜரில் ‘யுஎஸ்பி ரூட் ஹப்’ என்பதைத் திறந்து, ‘பவர் மேனேஜ்மென்ட்’ பகுதியில் சாமானை அணைக்க அனுமதிக்கும் கட்டத்தில் உள்ள குறியை எடுத்துவிடுங்கள்.

எமது கடையில் மறுநாள் காலை சாப்ட்வேர் கம்பெனிக்கு அந்தப் பெண்ணே போன் செய்து பிழை எண்ணைச் சொன்னது. அவர்கள் புதிய ரன்-டைமை அனுப்பினார்கள். மேற்கண்ட வரிசையில் செய்ததும் அரை மணி நேரத்தில் புதுப் பெட்டியில் விளக்கு எரிந்தது. இருபதாயிரம் கேட்ட வேலை ஒரு போனில் முடிந்தது.

பல பெட்டிகளுக்கு ஒரே லாக்

பெரிய மண்டிகளில் ஒரு பெட்டியில் லாக்கைச் செருகி, மற்றப் பெட்டிகள் வயர் வழியாக அதையே பயன்படுத்துவதுண்டு. லாக் உள்ள பெட்டியில் வேலை நடக்கிறது, மற்றவற்றில் இல்லை என்றால், பெரும்பாலும் வழியில் உள்ள ‘ஃபயர்வால்’ என்ற காவல்தான் தடுக்கிறது. சென்டினல் வகை லாக்குகள் 1947 என்ற வாசல் வழியாகவும், கோடுமீட்டர் 22350 என்ற வாசல் வழியாகவும் பேசிக்கொள்ளும். அந்த வாசல் திறந்திருக்க வேண்டும். கடைக்குள் உள்ள வலைப்பின்னலை ‘பப்ளிக்’ என்று விண்டோஸ் எடுத்துக்கொண்டிருந்தால் காவல் கடுமையாக இருக்கும். ‘பிரைவேட்’ என்று மாற்ற வேண்டும்.

செய்யக் கூடாதவை

டிரைவர் ஏறவில்லை என்பதற்காக மெமரி இன்டெக்ரிட்டியை நிரந்தரமாக அணைத்து வைப்பது, மூட்டை உள்ளே நுழையவில்லை என்று கடைக் கதவையே கழற்றி வைப்பது போல. புதிய டிரைவர் கிடைக்கும் வரை, சாப்ட்வேர் கம்பெனியின் யோசனைப்படி தற்காலிகமாகச் செய்யலாம். பிறகு மறக்காமல் போட்டுவிட வேண்டும்.

முன்பின் தெரியாத இணையப் பக்கங்களில் ‘இலவச டிரைவர்’ என்று இருப்பதை எடுக்காதீர்கள். டிரைவர் என்பது பெட்டியின் உள்ளறை வரை போய்வரும் புரோகிராம். தெரியாதவனிடம் கல்லாச் சாவியைக் கொடுப்போமா?

“லாக் இல்லாமலே ஓடும்படி உடைத்துத் தருகிறேன்” என்று சிலர் வருவார்கள். காசு கொடுத்து உரிமம் வாங்கியிருக்கும் நாம் அதற்கு இணங்கலாகாது. பதிப்புரிமைச் சட்டம் 1957-இல் 2012-ஆம் ஆண்டு சேர்த்த 65ஏ பிரிவின்படி, உரிமையை மீறும் நோக்கத்துடன் இத்தகைய பாதுகாப்பு ஏற்பாட்டை உடைப்பதற்கு இரண்டாண்டு வரை சிறையும் அபராதமும் உண்டு. உடைத்த சாப்ட்வேரில் நமது கணக்கு பத்திரமாக இருக்கும் என்பதற்கும் யாரும் பொறுப்பேற்க மாட்டார்கள்.

25 ஊசி லாக் இன்னும் வைத்திருப்பவர்கள், யுஎஸ்பியிலிருந்து பிரிண்டருக்கு மாற்றும் வயரை வாங்கி ஏமாற வேண்டாம். அது பிரிண்டருக்கு மட்டும் உதவும். லாக் பெரும்பாலும் வேலை செய்யாது. சாப்ட்வேர் கம்பெனியிடம் பேசி யுஎஸ்பி லாக்காக மாற்றிக் கேட்பதே வழி.

முன்கூட்டியே செய்ய வேண்டியவை

புதுப் பெட்டி வாங்கும் முன்பே, “எங்கள் லாக் இந்த விண்டோஸில் வேலை செய்யுமா, அதற்கு எந்த ரன்-டைம் வேண்டும்” என்று சாப்ட்வேர் கம்பெனியைக் கேட்டுவிடுங்கள். மாற்றும் வேலையைச் சரக்கு நெருக்கடி இல்லாத நாளில் வையுங்கள். புதுப் பெட்டியில் ஒரு வாரம் ஒழுங்காகப் பில் விழும் வரை பழைய பெட்டியை விற்கவும் வேண்டாம், அழிக்கவும் வேண்டாம். அன்று எமது பழைய பெட்டி பரணில் இல்லாமல் பழைய இரும்புக்குப் போயிருந்தால் லாரி நின்றிருக்கும்.

லாக்கைத் தொலைத்தால் உரிமத்தையே தொலைத்ததாகக் கருதி முழு விலை கேட்கும் கம்பெனிகள் பல. ஆகவே அதைக் கல்லாச் சாவியைப் போலப் பாதுகாக்க வேண்டும். பெருக்கும்போதும், நாற்காலி நகர்த்தும்போதும் இடிபடாமல் பெட்டியின் பின்புறம் செருகுவது நல்லது. ஒரு அட்டையில் லாக்கின் வகை, அதன் மேல் உள்ள எண், வாங்கிய பில்லின் தேதி, சாப்ட்வேர் கம்பெனியின் போன் எண், கடைசியாக ஏற்றிய ரன்-டைமின் பதிப்பு எண் ஆகியவற்றை எழுதி, கணக்கு அலமாரியில் வையுங்கள். புதிய ரன்-டைமின் நகலையும் ஒரு பென் டிரைவில் போட்டு அதோடு வைக்கலாம்.

கடைசியாக ஒன்று. மறுநாள் புதுப் பெட்டியில் முதல் பில் விழுந்ததும், முந்தின நாள் யார் யார் முன்னிலையில் பேசினோமோ அவர்கள் எல்லாரும் கடையில் இருக்கும்போதே அந்தப் பெண்ணைக் கூப்பிட்டு, “நேத்து நாம சொன்னது தப்பு தாயி. மனசுல வச்சுக்காத” என்று சொன்னோம். “பரவாயில்லை முதலாளி” என்று சொல்லிவிட்டு அடுத்த பில்லுக்குப் போய்விட்டது. நாற்பது வருடத் தொழிலில் எத்தனையோ தடவை எடை குறைந்தபோது தராசைப் பார்த்த பிறகே ஆளைக் கேட்டிருக்கிறோம். இந்தப் பெட்டி விஷயத்தில் மட்டும் ஆளை முதலில் கேட்டுவிட்டோம்.

பதறாத காரியம் சிதறாது என்பார்கள். மேலே சொன்ன சோதனைகளை அந்தப் பெண் ஒரு தாளில் வரிசையாக எழுதிப் பெட்டிக்கு மேல் ஒட்டி வைத்திருக்கிறது. உறுப்பினர்களும் தத்தம் கடையில் அவ்வாறே ஒட்டி வைக்கும்படி கேட்டுக்கொள்கிறோம். வெளியூர் உறுப்பினர்களுக்கு வேறு அனுபவம் இருந்தால் நமது இதழுக்கு எழுதி அனுப்புங்கள், எல்லாருக்கும் பயன்படும்.